பழக் காப்ளர் சுட எந்த அடுப்பு? குக்கர், கங்குச் சட்டி, ஓடிஜி, கன்வெக்‌ஷன் மைக்ரோவேவ்: மதுரை வீடுகளுக்கான ஒப்பீடு

பழத்தோடு மாவு சேர்த்துச் சுடும் இனிப்பான பழக் காப்ளரை வீட்டில் செய்து பார்க்க விரும்புகிறவர்கள் செய்முறையைப் பற்றிக் கேட்பது குறைவு. அடுப்பைப் பற்றிக் கேட்பதே அதிகம். இருக்கிற பிரஷர் குக்கர் போதுமா, ஓடிஜி (மேலும் கீழும் சூடேறும் கம்பிகள் உள்ள மின் சூட்டுப்பெட்டி) வாங்க வேண்டுமா, வாங்குவது என்று ஆனபின் கூடப் பணம் போட்டுக் கன்வெக்‌ஷன் மைக்ரோவேவையே வாங்கிவிடலாமா என்று மாம்பழம் கடைக்கு வரத் தொடங்கியதுமே கேட்கிறார்கள். கேக்குக்கு நல்லதாக இருக்கும் வழி காப்ளருக்கும் நல்லதாக இருக்கும் என்ற எண்ணத்தில்தான் பெரும்பாலோர் முடிவெடுக்கிறார்கள். அந்த எண்ணம் பாதி அளவே சரி என்பதால், இந்த ஒப்பீட்டைக் காப்ளரை மட்டும் முன்னிறுத்தி எழுதுகிறேன்.

காப்ளர் அமெரிக்காவில் குடியேறியவர்களின் அடுக்களையில் உருவான பண்டம். பிரிட்டனிலிருந்து சென்றவர்களுக்குத் தங்கள் ஊர்ப் புட்டிங்குகளைச் செய்வதற்கான பொருளும் பாத்திரமும் அங்கே எளிதில் கிடைக்காதபோது, பழத்தைச் சர்க்கரையோடு வேகவைத்து, அதன் மேல் மாவை இட்டுச் சுட்டு உண்டார்கள். அந்நாட்டின் தென் மாநிலங்களில் பீச் பழக் காப்ளருக்கு இன்றும் தனி மதிப்பு உண்டு. கொதித்துக் குழைந்து கெட்டியான பழமும், பொன்னிறமாக முறுகிய மாவும் ஒரே கரண்டியில் வர வேண்டும் என்பதே அதன் இலக்கணம். மாவு வெந்தும் வெளுத்தே இருந்தால், தின்பதற்கு அது தீங்கில்லாத பண்டம்தான். ஆனால் அதைக் காப்ளர் என்று சொல்ல முடியாது.

## எதை வைத்து எடை போடுவது

முதலாவதும் முதன்மையானதும் மேற்சூடு. மாவில் உள்ள சர்க்கரையும் புரதமும் சேர்ந்து பொன்னிறமும் மணமும் தருவதற்கு, அதன் மேற்பரப்பு ஏறத்தாழ 140 டிகிரி செல்சியஸைத் தாண்ட வேண்டும். மேற்பரப்பில் ஈரம் இருக்கும் வரை சூடு 100 டிகிரியை ஒட்டியே நிற்கும். ஈரம் போனபிறகே மேலே ஏறும். ஆகவே மேலிருந்து வரும் சூடு உலர்ந்ததாகவும், பழத்திலிருந்து எழும் ஆவி வெளியேறுவதற்கு வழி உள்ளதாகவும் இருக்க வேண்டும். கேக்கில் இந்தச் சிக்கல் இவ்வளவு கடுமையாக வருவதில்லை. அங்கே அடியில் சாறு கொதித்து ஆவியை மேலே அனுப்பிக்கொண்டிருப்பதில்லை.

இரண்டாவது, பழச்சாறு நடுப்பகுதியிலும் கொதிக்க வேண்டும். சாற்றைக் கெட்டியாக்கச் சேர்க்கும் சோளமாவு நன்றாகக் கொதிநிலையை நெருங்கினால்தான் தன் வேலையை முழுமையாகச் செய்யும். ஓரத்தில் குமிழ் வந்து நடுவில் வராமல் எடுத்தால், ஆறியபின் தட்டில் தண்ணீர் ஓடும்.

மூன்றாவது, ஒரு தடவையில் எத்தனை பேருக்கு ஆகும் என்பது. நாலாவது, செலவு, இதில் கடையில் கொடுக்கும் விலையைவிட, பின்னால் வரும் செலவுகளே எனக்குப் பெரிதாகத் தெரிகின்றன. ஐந்தாவது, நம் ஊர் நிலைமை. மாம்பழம் மலிந்து கிடக்கும் சித்திரை, வைகாசியில்தான் மதுரையில் வெயில் 40 டிகிரியைத் தொடுகிறது. அந்த நேரத்தில் சமையலறையில் ஒரு மணி நேரம் சூட்டுப்பெட்டி எரிவதை எல்லா வீடுகளும் பொறுத்துக்கொள்ளாது.

## எல்லா வழிகளுக்கும் பொதுவான ஒரே கலவை

ஒப்பீடு நியாயமாக இருக்க வேண்டுமானால் கலவை மாறக்கூடாது. 20 செ.மீ. அகலமும் 5 செ.மீ. உயரமும் உள்ள பாத்திரத்துக்கு: மைதா ஒரு கப், சர்க்கரை முக்கால் கப், பேக்கிங் பவுடர் ஒன்றரைத் தேக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை, பால் முக்கால் முதல் ஒரு கப், வெண்ணெய் 60 கிராம், துண்டு போட்ட பழம் அரைக் கிலோ. பழத்தில் இரண்டு மேசைக்கரண்டி சர்க்கரையும் ஒரு மூடி எலுமிச்சைச் சாறும், சாறு மிகுந்த பழமானால் ஒரு மேசைக்கரண்டி சோளமாவும் கலந்துகொள்ள வேண்டும். உருக்கிய வெண்ணெயைப் பாத்திரத்தில் ஊற்றி, அதன் மேல் மாவுக் கலவையைக் கிளறாமல் ஊற்றி, பழத்தை அதன் மேல் பரப்பினால், வேகும்போது மாவு பழத்தினூடே எழும்பி மேலே வரும். கலவை இட்லி மாவைவிடச் சற்று இளக்கமாக இருந்தால் சரி.

மாவில் குளிர்ந்த வெண்ணெயைப் பிசிறி, உருண்டையாகக் கிள்ளிப் பழத்தின் மேல் அடுக்கும் முறையும் உண்டு. முறுகல் அதில் கூடுதல். ஆனால் வெண்ணெய் 35 டிகிரிக்குள் உருகிவிடும் பொருள். மின்விசிறி ஓடும் மதுரைச் சமையலறையில் மே மாதப் பிற்பகலில் அது பிசிறுவதற்கு முன்பே எண்ணெயாகிவிடும். ஆகவே கார்த்திகை, மார்கழி வரும் வரை ஊற்று மாவு முறையே போதும் என்பது என் கருத்து. இதில் முட்டை இல்லை என்பதால், புரட்டாசி விரதம் இருக்கும் வீடுகளிலும் தடையில்லாமல் செய்யலாம்.

## பிரஷர் குக்கர்

தொடக்கச் செலவு இல்லாத வழி என்பதால் இதிலிருந்தே எல்லோரும் தொடங்குகிறார்கள். குக்கரின் அடியில் ஒரு அங்குல உயரத்துக்குக் கல் உப்போ சலித்துக் காயவைத்த மணலோ பரப்பி, அதன் மேல் வளையம் வைத்து, கேஸ்கட்டையும் வெயிட்டையும் கழற்றிய மூடியால் மூடி, மிதமான தீயில் பத்து நிமிடம் சூடேற்றியபின் பாத்திரத்தை உள்ளே இறக்கி, சிறு தீயில் ஐம்பது நிமிடம் முதல் ஒரு மணி நேரம் வரை விட வேண்டும். தண்ணீர் ஊற்றக்கூடாது, வெயிட் போடக்கூடாது. தண்ணீர் ஊற்றி மூடினால் 100 டிகிரி ஆவியிலும், வெயிட்டும் போட்டால் ஏறத்தாழ 120 டிகிரி ஆவியிலும் மாவு அவியும்; முறுகாது.

குக்கரில் சூடு முழுவதும் அடியிலிருந்தே வருகிறது. மேலே சொன்ன கலவையில் வெண்ணெய் அடியில் இருப்பதால், மேல்பக்கம் இன்னும் வெளுத்திருக்கும்போதே அடிமாவு கருகத் தொடங்கும். இதற்குத் தீர்வு அடுக்கைத் தலைகீழாக்குவது: பழத்தை முதலில் வாணலியில் ஐந்தாறு நிமிடம் கொதிக்கவிட்டுப் பாத்திரத்தின் அடியில் ஊற்றி, வெண்ணெய் கலந்த மாவை மேலே ஊற்றினால், சாறு அடிச்சூட்டைத் தாங்கிக்கொள்ளும். அடி தப்பிக்கும், மேல்பக்கம் அப்போதும் வெளிர் மஞ்சளுக்கு மேல் போகாது. மூடியில் படியும் ஆவி சொட்டுச் சொட்டாக மாவின் மேல் விழுவது இன்னொரு தொல்லை. கடைசிப் பதினைந்து நிமிடம் மூடியைச் சற்றே சாய்த்து வைத்தால் ஈரம் குறையும். ஆனால் மேற்சூடும் குறையும். இந்த இரண்டுக்கும் நடுவில் எதையாவது ஒன்றை விட்டுக்கொடுத்தே ஆக வேண்டும். இந்த வழியில் செய்கிறவர்கள் மாவுக்குப் பதிலாக, மைதாவும் ரவையும் சர்க்கரையும் வெண்ணெயில் பொன்னிறமாக வறுத்து, வெந்த பழத்தின் மேல் தூவிக்கொள்வது நல்லது. அதன் பெயர் க்ரம்பிள், காப்ளரின் பங்காளி. குக்கரில் அதுவே மரியாதையாக வரும்.

மறைந்த செலவுகளைப் பார்ப்போம். குக்கரின் பாதுகாப்பு வால்வில் உள்ள உலோகம், உள்ளே தண்ணீர் வற்றிச் சூடு எல்லை மீறினால் உருகித் திறந்துகொள்ளும்படி அமைக்கப்பட்டது. வெறுங்குக்கரை ஒரு மணி நேரம் காயவிட்டால் அது உருகிப்போகலாம், அடி வளையலாம், உப்பு ஈரம் பட்டு அலுமினியம் அரிக்கலாம். குக்கர்களின் கையேடுகள் பொதுவாகவே தண்ணீரில்லாமல் சூடாக்க வேண்டாம் என்று சொல்கின்றன. தினமும் பருப்பு வேகவைக்கும் குக்கரை இதற்குப் பயன்படுத்தாமல், வால்வு போய் ஓரம் கட்டிய பழைய குக்கரையோ, மூடியுள்ள அடி கனமான பாத்திரத்தையோ ஒதுக்கிவிடுவதே அறிவுடைமை. இண்டக்‌ஷன் அடுப்பில் இந்த வழி அநேகமாக நடக்காது. வெறும்பாத்திரம் அதிகம் சூடானால் அது தானாக நின்றுவிடும். எரிவாயுச் செலவு பெரிதல்ல: சிறு பர்னரில் ஒரு தடவைக்கு 100 கிராமை ஒட்டி ஆகும், 14.2 கிலோ சிலிண்டரில் அது கணக்கிலேயே வராது.

வருடத்தில் இரண்டு மூன்று தடவை மட்டும் செய்கிறவர்கள், காப்ளர் வீட்டாருக்குப் பிடிக்கிறதா என்று முதலில் தெரிந்துகொள்ள விரும்புகிறவர்கள், சாறு குறைந்த பழத்தை எடுத்துக்கொண்டு இதில் தொடங்கலாம்.

## கங்கு போட்ட இரும்புச் சட்டி

இந்த வழியை யாரும் கேட்பதில்லை. ஆனால் ஒப்பீட்டில் இதற்கு இடம் உண்டு. அமெரிக்காவில் மேற்கு நோக்கி வண்டி கட்டிப் போனவர்கள் காப்ளரைச் சுட்டது, விளிம்புள்ள மூடி போட்ட வார்ப்பிரும்புச் சட்டியில், மூடியின் மேல் தணலைக் கொட்டித்தான். நம் பக்கத்தில் பிரியாணிக்குத் தம் போடும்போது மூடியின் மேல் கங்கு அள்ளி வைப்பதும் அதே கணக்கு. மேற்சூடு என்ற ஒரே அளவுகோலை மட்டும் எடுத்துக்கொண்டால், மின்சாரம் இல்லாத வழிகளில் இதை மிஞ்ச ஒன்றும் இல்லை.

கங்கை மூன்று பங்காகப் பிரித்து, இரண்டு பங்கை மூடியின் மேலும் ஒரு பங்கை அடியிலும் வைப்பது சுடுவதற்கான விகிதம். அடியில் அதிகம் வைத்தால் காப்ளர் தீய்ந்துவிடும். பழத்தின் புளிப்பு வார்ப்பிரும்போடு சேர்ந்தால் நிறம் கறுத்து இரும்பு வாடை அடிக்கும் என்பதால், சட்டிக்குள் சிறு வளையம் வைத்து அதன் மேல் எவர்சில்வர் பாத்திரத்தை இறக்க வேண்டும். பத்து நிமிடத்துக்கு ஒரு முறை மூடியைக் கால் வட்டம் திருப்பிவைத்தால் ஒரு பக்கம் மட்டும் கருகுவது குறையும். கொட்டாங்குச்சிக் கரி நன்றாகச் சூடு தரும். ஆனால் சீக்கிரம் தணியும். பாதி நேரத்தில் மறு தணல் தயாராக இருக்க வேண்டும். விறகடுப்பு இருக்கும் வீட்டில் இது சிரமமே இல்லை. சோறு வடித்து முடித்த அடுப்பிலேயே தணல் கிடக்கும்.

இதன் விலை உழைப்பும் இடமும்தான். மேலூர், உசிலம்பட்டி, திருமங்கலம் பக்கத்து முற்றமுள்ள வீடுகளுக்குப் பொருந்தும். அடுக்குமாடி வீட்டுக்குப் பொருந்தாது. மூடிய அறையில் கரி எரிப்பது உயிருக்கு ஆபத்து. கார்பன் மோனாக்சைடு வாசனை காட்டாது. மொட்டை மாடியில் வைக்கலாம் என்றால், ஆடிக் காற்றில் தணல் சீறி எரிந்து பொறி பறக்கும். சூட்டை அளக்க வழியில்லாததால் முதல் சில தடவைகள் ஏறக்குறைய ஊகத்தில்தான் போகும். குடும்பம் கூடும் நாளில், வெளியில் சமையல் நடக்கும்போது, அதோடு சேர்த்துச் செய்தால் இதைவிட மணமான காப்ளர் கிடையாது. தனியாக இதற்கென்று தணல் மூட்டுவது எனக்கு நியாயமாகப் படவில்லை.

## ஓடிஜி

மேலும் கீழும் சூடேறும் கம்பிகள், தனித்தனியாகவோ சேர்த்தோ போட்டுக்கொள்ளும் வசதி, உள்ளே நடப்பதைப் பார்க்கக் கண்ணாடிக் கதவு: காப்ளருக்கு வேண்டியதைத் தேடிச் சேர்த்தது போன்ற அமைப்பு இது. இரண்டு கம்பியும் போட்டு 180 டிகிரியில் பத்து நிமிடம் முன்சூடேற்றி, நடுத் தட்டில் பாத்திரத்தை வைத்து நாற்பது முதல் ஐம்பது நிமிடம் விட்டால், நடுவில் சாறு குமிழ்விடும்போது மேல்பக்கமும் பொன்னிறமாகியிருக்கும். நிறம் போதவில்லையென்றால் கடைசி ஐந்து நிமிடம் மேற்கம்பியை மட்டும் போடலாம். அதிகமாகிறது என்றால் அலுமினியத் தாளை மேலே தளர்வாக மூடலாம். அடிச்சூடும் மேற்சூடும் தனித்தனியாக நம் கையில் இருப்பது வேறு எந்த வழியிலும் இவ்வளவு எளிதாக இல்லை.

கொள்ளளவில் ஏமாறக்கூடாது. பத்துப் பன்னிரண்டு லிட்டர் பெட்டி விலை மலிவு. ஆனால் மேற்கம்பி பாத்திரத்துக்கு மிக அருகில் இருப்பதால் பழம் கொதிப்பதற்கு முன்பே மாவு கருகும். 20 செ.மீ. பாத்திரத்துக்கு 20 லிட்டருக்குக் குறையாமல், 25 முதல் 30 லிட்டர் வரை எடுப்பது நல்லது. அந்த அளவில் விலை பெரும்பாலும் 5,000 முதல் 10,000 ரூபாய்க்குள் அடங்கும்.

விலைச்சீட்டில் எழுதாத செலவுகளில் முதலாவது பவர் பிளக். சாதாரண 6 ஆம்பியர் சாக்கெட் 230 வோல்ட்டில் 1,380 வாட் வரைதான் தாங்கும். 28 லிட்டர் ஓடிஜி பலவும் 1,500 வாட்டை ஒட்டியவை. பழைய வீடுகளில் 16 ஆம்பியர் பிளக் ஹீட்டருக்கும் ஏ.சி.க்கும் மட்டுமே போட்டிருப்பார்கள். சமையலறைக்குத் தனி ஒயர் இழுக்க எலக்ட்ரீஷியனுக்கு ஒரு தொகை ஆகும். நீட்டிப்புப் பெட்டியில் செருகி ஓட்டுவது ஒயர் உருகுவதற்கு வழி. இரண்டாவது மின்சாரம்: முன்சூட்டோடு சேர்த்து ஒரு தடவைக்கு ஏறத்தாழ ஒரு யூனிட். தமிழ்நாட்டில் இரு மாதக் கணக்கில் முதல் 100 யூனிட்டுக்குக் கட்டணமில்லை. அதற்கு மேல் பயன்பாடு ஏற ஏற விகிதமும் ஏறுகிறது. வாரம் ஒரு தடவை சுட்டாலும் இரு மாதத்தில் எட்டு ஒன்பது யூனிட்டுக்கு மேல் போகாது. ஏ.சி. ஓடும் வீட்டில் இதை ஒரு செலவாகப் பேசுவது வேடிக்கைதான். மூன்றாவது, வீட்டு இன்வெர்ட்டர் பொதுவாக இதைத் தாங்காது. மாதாந்திரப் பராமரிப்புக்காகக் காலை முதல் மாலை வரை மின்சாரம் நிறுத்தும் நாளைப் பார்த்து விருந்தை வைத்துக்கொள்ள வேண்டும்.

நாலாவது இடம். வெளிப்புறமும் நன்றாகச் சூடாகும் என்பதால், சுவரிலிருந்தும் பக்கத்துப் பொருட்களிலிருந்தும் ஒரு சாண் தள்ளி வைக்க வேண்டும். மேலே துணியோ டப்பாவோ வைக்கக்கூடாது. சமையலறை மேடையில் மாவாட்டும் இயந்திரமும் மிக்சியும் ஏற்கெனவே இடம் பிடித்திருக்கும் வீட்டில், ஓடிஜி அலமாரி உச்சிக்குப் போய்விடும். அங்கே போன ஓடிஜி கீழே இறங்குவதில்லை. வெயில் காலத்தில் விடியற்காலையில் சுட்டுவிடுவது சமையலறைக்கும் சுடுகிறவருக்கும் நல்லது.

## கன்வெக்‌ஷன் மைக்ரோவேவ்

வாங்கும் முன் ஒன்றைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். வெறும் சோலோ மைக்ரோவேவில் காப்ளர் முறுகாது. அது பொருளில் உள்ள நீரைச் சூடாக்குகிறதே தவிர, மேற்பரப்பை உலர்த்தி நிறமேற்றுவதில்லை. வீட்டில் இருப்பது சோலோவா கன்வெக்‌ஷனா என்று தெரியாமலேயே பலர் செய்முறையைத் தொடங்கிவிடுகிறார்கள். பொத்தான்களில் கன்வெக்‌ஷன் என்றோ டிகிரி அளவோ இல்லையென்றால் அது இதற்கு ஆகாது.

கன்வெக்‌ஷன் வகையில் சூடான காற்றை விசிறி சுழற்றுகிறது. மேற்பரப்பு சீக்கிரம் உலர்வதால் நிறம் சீராக வரும். ஓடிஜிக்குச் சொன்ன சூட்டில் பத்து இருபது டிகிரி குறைத்து, 165 முதல் 170 டிகிரியில் வைத்தால் போதும். இதற்கென்று தனியாக ஒரு நன்மையும் உண்டு: அரைக் கிலோ பழத்தை மைக்ரோ முறையில் நாலு நிமிடம் வைத்துச் சாறு விடச் செய்து, பிறகு மாவோடு கன்வெக்‌ஷனில் சுட்டால், கடினமான பழமும் நடுவரை கொதித்துவிடும்.

அடிச்சூடு குறைவு என்பது இதன் பலவீனம். காற்று மேலிருந்தும் பக்கத்திலிருந்தும் வருவதால், வெண்ணெய் ஊற்றிய அடிமாவு ஓடிஜியில் முறுகுவது போல் இங்கே முறுகாது. உயரமான வளையத்தில் வைக்காமல் தாழ்ந்த வளையத்தில் வைத்தால் ஓரளவு சரியாகும். தட்டு சுழல்வதால் வட்டப் பாத்திரமே பொருந்தும். நீள்சதுரக் கண்ணாடிப் பாத்திரம் சுவரில் இடித்து நின்றுவிடும். எவர்சில்வர், அலுமினியப் பாத்திரங்களைக் கன்வெக்‌ஷன் முறையில் மட்டும் வைக்கலாம். மைக்ரோ கலந்த முறையில் வைக்கக்கூடாது. பழத்தை மைக்ரோவிலும் பிறகு கன்வெக்‌ஷனிலும் வைக்க வேண்டுமானால் சூடு தாங்கும் போரோசிலிகேட் கண்ணாடி வேண்டும். அது தனிச் செலவு.

விலை ஓடிஜியைவிட அதிகம். பெரும்பாலும் 12,000 ரூபாய்க்கு மேல்தான் தொடங்கும். பழுதானால் ஓடிஜியில் மாற்ற வேண்டியது கம்பியோ தெர்மோஸ்டாட்டோ. இதில் மைக்ரோ அலையை உண்டாக்கும் மேக்னட்ரான், மின்னணுப் பலகை என்று செலவு நீளும். காப்ளர் வேகும் முக்கால் மணி நேரமும் யாரும் பால் சூடாக்க முடியாது என்பது சிறிய குறைதான், ஆனால் அவசரக்காரர்கள் உள்ள வீட்டில் சண்டைக்கு வழி வைக்கும். இதைக் காப்ளருக்காக வாங்குவது கட்டுப்படியாகாது. தினமும் சோறு, குழம்பு சூடாக்கவும் காய் வேகவைக்கவும் ஒரு பெட்டி எப்படியும் வேண்டியிருக்கிறது, இரண்டு பெட்டிக்கு இடமில்லை என்ற வீட்டுக்கு இதுவே சரி.

## ஏர் ஃப்ரையர்

ஏற்கெனவே வைத்திருக்கிறவர்களுக்கு மட்டும் ஒரு வார்த்தை. கம்பியும் விசிறியும் மேலே இருப்பதால் பத்துப் பதினைந்து நிமிடத்தில் மாவு சிவந்துவிடும். அதற்குள் பழம் கொதித்திருக்காது. பழத்தை அடுப்பில் கொதிக்கவைத்து ஊற்றி, 160 டிகிரியில் இருபத்தைந்து நிமிடம் வைத்தால், 15 செ.மீ. பாத்திரத்தில் இரண்டு பேருக்கு நன்றாகவே வரும். அலுமினியத் தாள் மூடினால் காற்றில் கிளம்பிக் கம்பியில் ஒட்டாதபடி ஓரங்களை இறுக்க வேண்டும். பெரிய குடும்பத்துக்கு இது உதவாது.

## ஒரே பார்வையில்

| வழி | மேற்சூடு | ஒரு தடவையில் | தொடக்கச் செலவு | மறைந்த செலவு | பொருந்தும் பழம் |
|---|---|---|---|---|---|
| பிரஷர் குக்கர் | மிகக் குறைவு | 4 பேர் | இல்லை | வால்வு, அடி வளைதல் | மலை வாழை, ஆப்பிள் |
| கங்குச் சட்டி | மிக நன்று, அளக்க முடியாது | 6 முதல் 8 பேர் | சட்டி இருந்தால் இல்லை | நேரம், கரி, திறந்த இடம் | மாம்பழம், அன்னாசி |
| ஓடிஜி | மிக நன்று | 6 பேர் | நடுத்தரம் | பவர் பிளக், இடம் | எல்லாம் |
| கன்வெக்‌ஷன் மைக்ரோவேவ் | நன்று | 4 முதல் 6 பேர் | அதிகம் | கண்ணாடிப் பாத்திரம், பழுது | பேரி, அன்னாசி |
| ஏர் ஃப்ரையர் | அளவுக்கு மேல் | 2 பேர் | இருந்தால் இல்லை | சிறு பாத்திரம் | முன்பே வெந்த எதுவும் |

## பழம் மாறினால் முடிவும் மாறும்

அட்டவணையின் கடைசிப் பத்தியைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும்; அடுப்பைத் தேர்ந்த பிறகு பலர் தவறுவது இங்கேதான்.

மாம்பழத்தில் நன்கு கனிந்து கொழகொழவென்று ஆனதை எடுத்தால் சுட்டபின் கூழாகிவிடும். கிளிமூக்கு என்றும் கல்லாமை என்றும் நம் பக்கம் விற்கும் பழம், சதை கெட்டியாகவும் இளம்புளிப்பாகவும் இருப்பதால் துண்டு துண்டாகவே நிற்கும், விலையும் குறைவு. இமாம் பசந்தை இதில் போடுவது பணத்தையும் பழத்தையும் வீணாக்குவது. அதை வெட்டித் தின்ன வேண்டும்.

சிறுமலை மலை வாழைப்பழம் சாறு விடாது. ஆகவே ஆவித் தொல்லையும் இல்லை, சோளமாவும் வேண்டாம். குக்கரில் கூட மேல்பக்கம் ஓரளவு உலர்ந்து வருகிற ஒரே பழம் அதுதான் என்று சொல்லலாம். அதன் இனிப்புக்கு ஈடாக எலுமிச்சைச் சாற்றைக் கொஞ்சம் கூட்ட வேண்டும். கொடைக்கானலிலிருந்து வரும் பிளம்ஸ் இதற்கு நேர் எதிர்: புளிப்பும் சாறும் மிகுதி. சோளமாவு இரண்டு மேசைக்கரண்டி வேண்டும், சாறு பொங்கி வழியும் என்பதால் அடியில் தட்டு வேண்டும், குக்கரை நினைத்தே பார்க்கக்கூடாது. ஓடிஜியின் மதிப்பு முழுவதும் தெரிவது பிளம்ஸ் காப்ளரில்தான். பீச் காப்ளருக்குப் பேர் போன அந்தப் புளிப்பு இனிப்பு நமக்குக் கிட்டத்தட்டக் கிடைப்பதும் இதில்தான்.

மலைப் பேரிக்காய் கல் போல் இருக்கும்; மைக்ரோவிலோ அடுப்பிலோ முன்பே வேகவைக்காமல் எந்தப் பெட்டியில் வைத்தாலும் கடிபடும். கேரளத்து அன்னாசியை எட்டு நிமிடம் சர்க்கரையோடு வாணலியில் சுண்டவைத்தால் போதும். கம்பம் பன்னீர் திராட்சையும் ஆயக்குடிக் கொய்யாவும் சுவையில் குறைவில்லாதவை என்றாலும், விதையை எடுத்து முடிப்பதற்குள் ஆசையே போய்விடும்.

## கடைக்குப் போகும் முன்

டவுன்ஹால் ரோட்டில் பெட்டி பார்க்கும் முன் வீட்டில் மூன்றை அளந்துகொள்ள வேண்டும்: சமையலறைப் பிளக் 16 ஆம்பியரா, மேடையில் பெட்டியின் அகலத்தோடு இருபுறமும் ஒரு சாண் விட இடம் இருக்கிறதா, கதவு முன்பக்கம் கீழிறங்கித் திறக்கும்போது எதிலும் இடிக்காதா. இந்த மூன்றும் ஒத்துவந்து, மாதம் இரண்டு தடவையாவது காப்ளரோ கேக்கோ பிஸ்கட்டோ சுடுகிற பழக்கம் இருக்குமானால், ஓடிஜியை வாங்கலாம். மற்றவற்றோடு ஒப்பிட்டு யோசிக்க வேண்டியதில்லை. பிளக் இல்லை, வாடகை வீடு, ஒயர் இழுக்க வீட்டுக்காரர் சம்மதிக்க மாட்டார் என்றால், பழைய குக்கரும் மலை வாழைப்பழமும் வறுத்துத் தூவும் மேல்மாவும் போதும். அதற்காக ஒரு பெட்டி வாங்கி நீட்டிப்பு ஒயரில் ஓட்டுவதைவிட அது பல மடங்கு மேல்.

பாத்திரத்துக்கென்று தனியாக அலைய வேண்டாம். வெங்கலக்கடைத் தெருப் பக்கம் கிடைக்கும் எவர்சில்வர் கேக் தட்டு, ஐந்து செ.மீ. உயரத்துக்குக் குறையாமல் இருந்தால், குக்கர், சட்டி, ஓடிஜி மூன்றுக்கும் பொதுவாக உதவும். அலுமினியம் மலிவு, ஆனால் புளிப்புப் பழச்சாறு அதோடு வினைபுரிந்து சுவையைக் கெடுக்கும். கண்ணாடிப் பாத்திரம் வைத்திருக்கிறவர்கள், சூடான பாத்திரத்தை ஈரமான கிரானைட் மேடையில் நேரடியாக வைக்காமல் மரப்பலகையிலோ தடித்த துணியிலோ இறக்க வேண்டும். எந்த அடுப்பில் சுட்டாலும் எடுத்த உடனே பரிமாறாமல் இருபது நிமிடம் விட்டால்தான் சாறு கெட்டிப்படும். அதற்குள் ஐஸ்கிரீமை வாங்கி வர ஆளை அனுப்பிவிடலாம்.